களிமண் மனிதனின் மார்பில் ஒரு நட்சத்திரம்

ஜெர்மன் மௌனப் படங்களைப் பற்றிப் பேச்செடுத்தால், 1920இல் வந்த ‘டாக்டர் காலிகாரி’யிலிருந்துதான் பலரும் தொடங்குகிறார்கள். அதற்கு ஏழாண்டு முன்பே, பெர்லின் மேடையில் பெயர் வாங்கிய நடிகர் ஒருவர், மேடையில் முடியாததைச் செய்து பார்க்கவே சினிமாவுக்கு வந்துவிட்டார். பவுல் வேகனர் என்று பெயர். 1874இல் பிறந்தவர், சட்டப் படிப்பை விட்டுவிட்டு நடிக்கப் போனவர், 1906 முதல் மாக்ஸ் ரைன்ஹார்டின் நாடகக் குழுவில் நடித்தவர். பூதமாக வேடம் கட்டிய நடிகர் என்றுதான் இன்று அவரை நினைவில் வைத்திருக்கிறோம். அது போதாது என்பேன். கேமராவுக்கென்றே கதை யோசித்த முதல் சிலரில் அவர் ஒருவர்.

ஒரே ஆள் தன்னோடு தானே சீட்டாடுவதுபோல அந்தக் காலத்தில் வேடிக்கைப் புகைப்படங்கள் எடுப்பார்கள். அதைப் பார்த்துத்தான் ‘பிராக் நகர மாணவன்’ என்ற 1913ஆம் ஆண்டுப் படத்துக்கான பொறி வேகனருக்குக் கிடைத்தது. வறுமையில் வாடும் மாணவன் கண்ணாடியில் தெரியும் தன் பிம்பத்தைப் பொன்னுக்கு விற்றுவிடுகிறான். பிம்பம் கண்ணாடியை விட்டு இறங்கி வந்து அவன் வாழ்க்கையைக் குலைக்கிறது. ஒளிப்பதிவாளர் கிடோ ஸேபர் லென்ஸில் ஒரு பாதியை மறைத்துப் படமெடுத்தார். ஃபிலிமைத் திரும்பச் சுற்றி, மறு பாதியை மறைத்து இன்னொரு முறை எடுத்தார். எதிரே யாருமில்லாத வெற்றிடத்தைப் பார்த்து வேகனர் நடித்தாக வேண்டும். பிறகு அந்த வெற்றிடத்தில் தானே போய் நின்று, முன்பு காட்டிய அசைவுக்குப் பதில் சொல்ல வேண்டும். கதையை எழுதியவர் ஹான்ஸ் ஹைன்ஸ் ஏவர்ஸ்தானே, தந்திரம் ஸேபருடையதுதானே என்று கேட்கலாம். உண்மைதான். ஆனால் வேடிக்கைப் படத்தில் ஒரு மனிதனின் அழிவைக் கண்டது வேகனரின் கண்.

‘கோலம்’ படத்துக்கு வருவோம். கோலம் என்பது, பிராக் நகரத்து யூத குரு களிமண்ணில் செய்து உயிர் கொடுத்த உருவம். ஹென்ரிக் காலேனோடு சேர்ந்து 1915இல் ஒருமுறையும் 1920இல் மறுமுறையும் வேகனர் அதைத் திரைக்கதையாக்கினார். இரண்டிலும் கோலமாக நடித்தவரும் அவரே. பழங்கதையை எடுத்தாண்டதில் அவர் பங்கு என்ன என்று கேட்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். பழங்கதையில் உயிர் தரும் சொல் உருவத்தின் வாய்க்குள் இருக்கும், அல்லது நெற்றியில் எழுதியிருக்கும். 1920ஆம் ஆண்டுப் படத்தில் அது மார்பில் பதித்த நட்சத்திரச் சிமிழுக்குள் இருக்கிறது. ஏன் இந்த மாற்றம்? கடைசிக் காட்சியில் விடை இருக்கிறது. வெறிகொண்டு ஊரையே நடுங்கவைத்த கோலம் ஒரு சிறுமியைத் தூக்கிக்கொள்கிறது. அவள் ஆப்பிள் நீட்டுகிறாள். பளபளக்கும் நட்சத்திரத்தை விளையாட்டாகத் திருகி எடுக்கிறாள். அந்தப் பெரிய உடம்பு சரிகிறது. குழந்தையின் கைக்கு எட்டும் உயரத்தில் உயிரை வைத்தது, தன் உடம்பால் யோசிக்கத் தெரிந்த எழுத்தாளரின் வேலை.

யூதர்களின் கதையைப் படமாக்கியவர் பின்னாளில் நாஜி ஆட்சியில் நடிக்கவில்லையா? நடித்தார். 1945 ஜனவரியில் வெளிவந்த ‘கோல்பெர்க்’ என்ற பிரச்சாரப் படத்தில் இருந்தார். அதே செப்டம்பரில், போரில் சிதைந்த பெர்லினில் மறுபடி திறந்த நாடக அரங்கில், ‘ஞானி நாதன்’ நாடகத்தின் யூத நாயகனாகவும் நின்றார். பின்னது முன்னதைக் கழுவிவிடாது. முன்னதற்காக 1920ஆம் ஆண்டுப் படத்தைத் தள்ளிவைப்பதும் நியாயமாகாது.

நல்ல திரைக்கதை கேமராவிலிருந்து பிறக்க வேண்டும் என்று 1916இல் ஓர் உரையில் வேகனர் வாதாடினார். அவர் பேச்சைக் கேட்டு மயங்கிய இளம்பெண் லோட்டே ரைனிகர். வேகனரின் 1918ஆம் ஆண்டு ‘ஹாமெலின் குழலூதி’ படத்துக்கு, தலைப்பு அட்டைகளில் வரும் நிழலுருவங்களைக் கத்தரித்துக் கொடுத்தவர் ரைனிகர்தான். அந்தப் படத்தில் நிஜ எலிகள் சொன்ன பேச்சைக் கேட்கவில்லை. வால் ஒட்டிய கினிப் பன்றிகளும் சரிப்படவில்லை. கடைசியில் மர எலிகளைத் துளித்துளியாக நகர்த்தி, ஒவ்வொரு நகர்வையும் தனித்தனியே படமெடுத்தார்கள். ரைனிகரும் அதில் கைகொடுத்தார். காகித உருவங்களை அதே முறையில் நகர்த்தி, 1926இல் அவர் ‘இளவரசர் அஹ்மத்’ என்ற முழுநீளப் படத்தையே எடுத்துவிட்டார்.