பேய் வீடும் ஊமைப்படமும்
(மேலகரத்தில் பேசியதன் சாரம்)



குறி சொல்லும் குறத்தியைப் பாட்டில் ஆடவிட்ட திரிகூடராசப்பக் கவிராயர் பிறந்த இந்த மேலகரத்திலே, நாம் இன்று பேயைப்பற்றிப் பேச வந்திருக்கிறோம். சாஸ்திரத்தைக் கொண்டல்ல, வாயில்லாத ஊமைப்படங்களைக் கொண்டு பேசுகிறோம்.

1896-ல் பிரான்சு தேசத்து ஜார்ஜ் மெலியே என்பவர் பிசாசு மாளிகையென்று ஒரு சிறு படம் எடுத்தார். அதில் வௌவால் பிசாசாக மாறும். அவர் தொழிலால் செப்பிடுவித்தைக்காரர். காமிராவை நிறுத்துவது, வௌவாலை எடுத்துவிட்டு ஆளை நிறுத்துவது, மறுபடி சுற்றுவது. பேய் பிறந்த ரகசியம் இவ்வளவுதான்.

1920-ல் ஹெரால்டு லாயிடு நடித்த ஹாஸ்யப்படத்தில், ஒரு பெண்ணுக்கு உயில்படி வீடு வருகிறது. கணவனோடு ஓராண்டு அதில் குடியிருக்கவேண்டும் என்பது நிபந்தனை. அவள் ஓடிவிட்டால் சொத்து உறவினனுக்கு. உடனே வீட்டில் பேய் உலாவ ஆரம்பித்துவிட்டது! அந்தப் படம் தயாரான காலத்தில், 1919 ஆகஸ்டில், போட்டோவுக்காகக் கையில் பிடித்த பொய்வெடி நிஜவெடியாயிருந்து லாயிடுக்கு இரண்டு விரல்கள் போயின. விரலைத் தின்றது பேயல்ல, வெடிமருந்து.

1921-ல் பஸ்டர் கீட்டன் எடுத்த படத்தில், பேய்வீடு என்பது கள்ளநோட்டுக் கும்பலின் பட்டறை. கும்பலுக்குத் தலைவன் பாங்கிக் காசாளனே! யாரும் நெருங்காதிருக்கவே வெள்ளைத்துணிப் பேய்களும், காலை வைத்தால் சறுக்குப்பலகையாகிவிடும் மாடிப்படியும்.

தோழர்களே! இரண்டு பேய்க்கும் பின்னால் பணப்பெட்டி இருப்பதைப் பாருங்கள். நம் ஊரில் மாத்திரம் வேறா? பேய் என்று கதை கட்டினால் வீடு பாதி விலைக்கு வருகிறது. வாங்கினவனைப் பேய் பிடிப்பதில்லை. சுடுகாட்டில் இரவெல்லாம் பிணம் எரிக்கும் தோழரையும் பிடிப்பதில்லை. கோடங்கிக்குச் சேவலும் ரூபாயும் கிடைக்கிற வீட்டுப் பெண்ணை மட்டும் பிடிக்கிறது! ஜன்னி கண்டவளை வைத்தியரிடம் கொண்டுபோகாமல் வேப்பிலையால் அடித்தால் போவது பேயா, உயிரா?

லாயிடு படத்தில் ஒரு அயோக்கியத்தனமும் உண்டு. நடுங்கிச் சாகிறவர்களாகக் கறுப்பு வேலைக்காரர்களைக் காட்டிச் சிரிக்க வைத்தார்கள். பயம் தோல் நிறத்தில் இல்லை. ஊட்டி வளர்த்தால் எவனுக்கும் வரும். ஊட்டினவனே கைகொட்டிச் சிரிப்பது எந்த நியாயம்?

கீட்டன் படத்தின் முடிவில், அடிபட்டு மயங்கியவன் கனவில் மோட்சத்துக்குப் படியேறுகிறான். காவலன் உள்ளே விடாமல் விரட்ட, படி சறுக்குப்பலகையாகி நரகத்தில் கொண்டு தள்ளுகிறது. பேய்வீட்டுப் படியும் மோட்சப் படியும் ஒரே தச்சன் வேலை என்பது நம் துணிபு.

ஆதலால், எந்த வீட்டிலாவது பேய் என்றால் மந்திரவாதியைக் கூப்பிடாதீர்கள். விளக்கோடு நாலுபேர் உள்ளே போங்கள். வெளியே வந்து, இதனால் லாபம் யாருக்கு என்று கேளுங்கள். பதில் சொல்லவேண்டியவன் அந்த ஊரிலேயே இருப்பான்.