சிவப்புக் கோட்டுக் குழந்தை வளர்ந்த பிறகு

(மும்பைக் கிளையின் மாதாந்திரக் கூட்டத்தில் ஆற்றிய உரை. மற்ற ஊர் அங்கத்தினர்களுக்காக இங்கே எழுத்து வடிவில் தரப்படுகிறது.)



செயலாளர் எனக்கு அரை மணி நேரம் கொடுத்திருக்கிறார். அதற்கு மேல் போனால் டிபன் ஆறிவிடும் என்று எச்சரிக்கையும் கொடுத்திருக்கிறார். ஆகையால் நேராக விஷயத்துக்கு வருகிறேன்.

'ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்' படத்தை உங்களில் பலர் பார்த்திருப்பீர்கள். 1993-ல் வந்தது. ஸ்டீவன் ஸ்பீல்பர்க் எடுத்தது. ஏறக்குறைய முழுப் படமும் கறுப்பு வெள்ளை. போலந்து தேசத்தில் கிராக்கோவ் என்ற ஊர். 1943 மார்ச் மாதம். யூதர்களை அடைத்து வைத்திருந்த பகுதியை நாஜிப் படை காலி செய்கிறது. சுட்டுத் தள்ளுகிறார்கள், லாரியில் ஏற்றுகிறார்கள். அந்தக் களேபரத்துக்கு நடுவே ஒரு சின்னக் குழந்தை தன்னந்தனியாக நடந்து போகிறது. அதன் கோட்டுக்கு மட்டும் சிவப்பு வர்ணம். குன்றின் மேல் குதிரையில் உட்கார்ந்திருக்கும் ஷிண்ட்லர் அதைப் பார்க்கிறார். பிற்பாடு, வண்டியில் அள்ளிக்கொண்டு போகும் சடலங்களுக்கு நடுவே அதே கோட்டை மறுபடியும் பார்க்கிறார். குழந்தைக்கு வசனமே கிடையாது. ஆனால் படம் பார்த்தவர்களுக்கு வேறு எது மறந்தாலும் அந்தக் கோட்டு மறக்காது.

அந்தக் குழந்தையாக நடித்தவர் ஒலிவியா டொம்ப்ரோவ்ஸ்கா. கிராக்கோவிலேயே பிறந்தவர். படம் எடுத்தபோது வயது 3. பதினெட்டு வயது ஆகும்வரை இந்தப் படத்தைப் பார்க்கக் கூடாது என்று ஸ்பீல்பர்க் வாக்கு வாங்கிக்கொண்டாராம். குழந்தைகள் அப்படிப்பட்ட வாக்கை எவ்வளவு தூரம் காப்பாற்றும் என்பது நமக்குத் தெரியாதா! பதினோரு வயதில் பார்த்துவிட்டார். பார்த்தவர் நடுங்கிப் போய்விட்டார். அந்தப் படத்தில் இருந்ததே அவருக்கு வெட்கமாக இருந்திருக்கிறது. அப்பா அம்மா யாரிடமாவது "எங்கள் பெண்தான் அது" என்று பெருமையாகச் சொன்னால் அவருக்குக் கோபம் வரும். பள்ளியில் மூச்சு விடவில்லை. தெரிந்தவர்களோ, "உனக்கு அந்தச் சரித்திரமெல்லாம் நிறையத் தெரிந்திருக்குமே" என்று எதிர்பார்ப்பார்கள். மூன்று வயதில் கோட்டைப் போட்டுக்கொண்டு நடந்த குழந்தைக்கு என்ன தெரியும்? பதினெட்டு வயதில் மறுபடி பார்த்த பிறகுதான், தான் எப்பேர்ப்பட்ட காரியத்தில் பங்கு பெற்றோம் என்பது அவருக்குப் புரிந்தது.

இதைப் படித்தபோது எனக்கு நம் வீடுகள்தான் ஞாபகம் வந்தன. விருந்தாளி வந்து செருப்பைக் கழற்றுவதற்குள், "மாமாவுக்கு அந்த வர்ணம் பாடிக் காட்டுடா கண்ணா" என்போம். குழந்தை திரைச்சீலைக்குப் பின்னால் ஒளிந்துகொள்ளும். விடமாட்டோம். குழந்தையின் திறமையில் நமக்கு இருக்கும் பெருமை வாஸ்தவம்தான். ஆனால் அந்தப் பெருமையை யாரிடம், எப்போது சொல்வது என்பதில் குழந்தைக்கும் ஒரு பாத்தியதை உண்டு என்று நாம் நினைப்பதே இல்லை.

கதைக்கு வருகிறேன். 2022 பிப்ரவரி 24 அன்று ரஷ்யப் படை உக்ரைனுக்குள் நுழைந்தது. பெண்களும் குழந்தைகளுமாக, கைக்குக் கிடைத்த பையோடு மேற்கே கிளம்பினார்கள். நான்கு வாரத்துக்குள் போலந்துக்குள் மட்டும் 20 லட்சம் பேருக்கு மேல் வந்து சேர்ந்தார்கள். அங்கே டாக்டருக்குப் படித்துக்கொண்டிருந்த நம் தேசத்துப் பிள்ளைகளும் ஆயிரக்கணக்கில் அந்தக் குளிரில் எல்லைக்கு நடந்ததும், 'ஆபரேஷன் கங்கா' விமானங்களில் வீடு திரும்பியதும் உங்களுக்கு நினைவிருக்கும். நம் அங்கத்தினர் வீடுகளில் சிலரும் அந்த நாட்களில் தூங்கவில்லை.

அப்போது ஒலிவியாவுக்கு 32 வயது. சினிமாக்காரர் இல்லை, வேறு வேலை பார்த்துக்கொண்டிருந்தார். எல்லைக்குப் போய்த் தொண்டராக நின்றார். அகதிகளுக்கு வேண்டிய சாமான்களைத் திரட்டினார். அத்தோடு இன்னொன்றும் செய்தார். அந்தப் பிரசித்தமான படத்தில் சிவப்புக் கோட்டுக்கு உக்ரைன் கொடியின் நீல வர்ணம் கொடுத்து உலகத்தின் முன் வைத்தார். இவள் நம்பிக்கையின் அடையாளமாக இருக்கட்டும் என்றார். பல தேசத்துப் பத்திரிகைகள் அதைப் பிரசுரித்தன.

எல்லையில் நின்ற ஆயிரக்கணக்கான தொண்டர்களில் அவரும் ஒருவர், அவ்வளவுதான். அவர் மற்றவர்களைவிட அதிகம் உழைத்தார் என்று நான் சொல்ல வரவில்லை. பெற்றோர் சொன்னாலே கோபப்பட்ட ஒரு விஷயத்தை, ஒளித்து வைத்த ஒரு விஷயத்தை, பிறத்தியாருக்கு உபயோகப்படும் என்று தெரிந்ததும் அவரே கையில் எடுத்தாரே, அதுதான் எனக்கு விசேஷமாகப் படுகிறது. யாரும் கட்டாயப்படுத்தவில்லை.

இடையில் ஒரு வார்த்தை. போலந்துக்காரர்களும் ஒரு காலத்தில் அகதிகளாக இங்கே வந்தவர்கள்தான். இரண்டாம் உலக யுத்தத்தின்போது சோவியத் ரஷ்யாவிலிருந்து தப்பி வந்த போலந்துக் குழந்தைகளுக்கு ஜாம்நகருக்குப் பக்கத்தில் பாலாசடியில் இடம் கொடுத்தார் நவாநகர் ஜாம்சாஹேப். வார்சா நகரில் அவர் ஞாபகமாக ஒரு சதுக்கம் இருக்கிறது. நம் கோலாப்பூருக்குப் பக்கத்தில் வலிவடே கிராமத்திலும் ஏறக்குறைய 5,000 போலந்துக்காரர்கள் 1940-களில் சில வருஷங்கள் குடியிருந்தார்கள். புனே, கோலாப்பூர் அங்கத்தினர்கள் அந்தப் பக்கம் போனால் விசாரித்துப் பாருங்கள்.

இப்போது, இந்தத் தலைப்பை ஏன் எடுத்தேன் என்று சொல்லிவிடுகிறேன். நம் சங்கத்து மாமி ஒருவர், பெயர் வேண்டாம், என்னைக் கேட்டார்: "பிள்ளையோட குழந்தைக்கு ஏழு வயசு. சீரியல்ல நடிக்கக் கூப்பிடறா. கோரேகாவ்ல ஷூட்டிங். மூணு வருஷ ஒப்பந்தமாம். நாட்டுப்பெண்ணுக்கு ஆசை, பிள்ளைக்கு பயம். நீங்க லைப்ரரியில இருந்தவர், நாலு புஸ்தகம் பார்த்துச் சொல்லுங்கோளேன், ஒத்துக்கலாமா?" முப்பது வருஷம் கல்லூரி நூலகத்தில் இருந்தவனிடம் யாரும் கேள்வி கேட்கக் கூடாது, கேட்டால் இப்படிப் பேச்சாக வந்து சேரும்.

புஸ்தகத்தில் முதலில் அகப்பட்டது ஜாக்கி கூகன். 1921-ல் சாப்ளினோடு 'தி கிட்' படத்தில் கிழிந்த தொப்பியோடு வருவானே, அந்தப் பையன். உலகமே கொண்டாடிய முதல் குழந்தை நட்சத்திரம் என்று சொல்லலாம். இந்த ஜாக்கியும் அகதிகளுக்கு உதவியவன்தான், அதுவும் ஒன்பது வயதில்! முதல் உலக யுத்தத்துக்குப் பிறகு ஆர்மீனியர்களும் கிரேக்கர்களும் துருக்கியிலிருந்து லட்சக்கணக்கில் துரத்தப்பட்டார்கள். அநாதைக் குழந்தைகள் ஏராளம். அவர்களுக்காக 'நியர் ஈஸ்ட் ரிலீஃப்' என்ற அமெரிக்க ஸ்தாபனம் 1924-ல் ஜாக்கியை ஊர் ஊராக அழைத்துச் சென்றது. 10 லட்சம் டாலருக்கு மேல் மதிப்புள்ள துணிமணி, ஆகாரம் சேர்ந்தது. பையன் கிரீஸுக்கும் போனான், ரோமில் போப்பாண்டவரையும் பார்த்தான்.

ஆனால் அவன் கதை எப்படி முடிந்தது தெரியுமா? குழந்தையாக இருந்தபோது அவன் சம்பாதித்தது 30 முதல் 40 லட்சம் டாலர் என்று கணக்குச் சொல்கிறார்கள். அப்பா இருந்தவரை சிக்கனமாகப் பார்த்துக்கொண்டார். 1935-ல் அவர் கார் விபத்தில் போய்விட்டார். சில மாதம் கழித்து ஜாக்கிக்கு 21 வயது நிரம்பியது, பணத்தைக் கேட்டான். தாயாரும் அவர் மறுமணம் செய்துகொண்டவரும் கொடுக்கவில்லை. அன்றைய கலிபோர்னியா சட்டப்படி மைனர் பிள்ளையின் சம்பாத்தியம் பெற்றோருக்குத்தான் சொந்தம். 1938-ல் வழக்குப் போட்டான். கடைசியில் கைக்கு வந்தது சுமார் 1,26,000 டாலர். ஊரார் குழந்தைகளுக்கு 10 லட்சம் டாலர் திரட்டியவனுக்கு அவன் பணம் கிடைக்கவில்லை.

அந்த அநியாயத்தால் 1939-ல் ஒரு சட்டம் வந்தது. இன்றும் அதைக் 'கூகன் சட்டம்' என்றே சொல்கிறார்கள். அதில் ஓட்டைகள் நிறைய இருந்தன. 2000-ல்தான் இறுக்கினார்கள். இப்போது அங்கே குழந்தை நடிகரின் சம்பளத்தில் 15 சதவிகிதம், வயது வரும்வரை யாரும் தொட முடியாத கணக்கில் போய்ச் சேர வேண்டும். சம்பாத்தியம் குழந்தைக்குத்தான் சொந்தம். ஜாக்கியைப் பற்றி இன்னொன்று: அவர் 1944-ல் அஸ்ஸாமிலிருந்து கிளைடர் விமானத்தில் பர்மாவுக்குள் படைவீரர்களை இறக்கிய விமானிகளில் ஒருவர். இரண்டு வருஷம் முன்னால் அதே பர்மாவிலிருந்துதான் நம்மவர்கள் மூட்டை முடிச்சோடு நடந்தே வந்தார்கள்.

பணத்தைப் பற்றிச் சட்டம் பேசும். படிப்பைப் பற்றியும் கொஞ்சம் பேசும். கலிபோர்னியாவில் பள்ளி நாட்களில் படப்பிடிப்பு இருந்தால், தினமும் 3 மணி நேரம் அங்கேயே பாடம் நடந்தாக வேண்டும். வாத்தியார் படப்பிடிப்புத் தளத்துக்கு வருவார். அந்த ஏற்பாடு இருந்த இடத்திலிருந்துதான் டானிகா மெக்கெல்லர் வந்தார். 1988 முதல் 1993 வரை 'தி ஒண்டர் இயர்ஸ்' என்ற தொடரில் வின்னி என்ற பெண்ணாக வந்தவர். தொடர் முடிந்ததும் லாஸ் ஏஞ்சலிஸ் பல்கலைக்கழகத்தில் கணிதம் எடுத்தார். வகுப்பில் எல்லோருக்கும் அவர் வின்னிதான். கணிதத் தேர்வு ஒன்றில் அதிக மார்க் வாங்கிய பிறகு, "அந்த மார்க் வாங்கின பெண் நீதானே?" என்று ஒருவர் கேட்டாராம். அந்த ஒரு கேள்வி தனக்கு எவ்வளவு பெரிதாக இருந்தது என்று அவர் சொல்லியிருக்கிறார்.

1998-ல் பேராசிரியர் ஒருவரோடும் சக மாணவியோடும் சேர்ந்து ஓர் ஆராய்ச்சிக் கட்டுரை வெளியிட்டார். ஒரு தேற்றத்துக்கு மூவர் பெயரும் இருக்கிறது. அது என்ன என்று கேட்காதீர்கள் என்று சொல்ல ஆசைதான். ஆனாலும் முயற்சி செய்கிறேன். ஃபில்டரில் காபிப் பொடி போட்டு வெந்நீர் விடுகிறோம். பொடிக்கு இடையே வழி இருந்தால் டிகாஷன் இறங்கும், அமுக்கிவிட்டால் இறங்காது. இதைக் கணிதக்காரர்கள் 'பெர்கொலேஷன்' என்பார்கள். இப்படிக் கசிந்து பரவுவதற்கும், ஒரு பொருள் காந்தமாக மாறுவதற்கும் உள்ள சம்பந்தத்தை ஒரு குறிப்பிட்ட மாதிரிக்கு அவர்கள் நிரூபித்தார்கள். பிற்பாடு பெண்குழந்தைகளுக்குக் கணக்கில் பயம் போவதற்காகப் புஸ்தகங்கள் எழுதினார்.

மாயிம் பியாலிக்கைப் பின் வரிசைக்குத் தெரியும். 'பிக் பேங் தியரி'யில் ஏமியாக வருபவர். அவரும் சிறு வயதிலேயே நடித்தவர். நடுவில் விட்டுவிட்டுப் படித்து, 2007-ல் மூளை நரம்பியலில் டாக்டர் பட்டம் வாங்கினார். பிராடர் வில்லி என்ற பிறவிக் கோளாறு உள்ளவர்களைப் பற்றிய ஆய்வு. அதற்குப் பிறகுதான் ஏமி என்ற மூளை விஞ்ஞானி வேஷம் வந்தது.

நம் தேசத்திலும் உண்டு. கல்கத்தா அன்பர்களுக்கு 'பதேர் பாஞ்சாலி'யின் துர்காவைச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. உமா தாஸ்குப்தா அதற்குப் பிறகு பள்ளி ஆசிரியையாக இருந்தார், 2024-ல் காலமானார். 'சலாம் பாம்பே'யில் நடித்த ஷஃபீக் சையது தேசிய விருது வாங்கியும், பெங்களூருக்குத் திரும்பி ஆட்டோ ஓட்டினார். ஆட்டோ ஓட்டுவது கௌரவமான தொழில்தான். ஆனால் விருது கொடுத்த கை, அவர் படிப்புக்கு ஒரு வழி செய்திருக்கலாம் என்பது என் அபிப்பிராயம். அதே படத்தால்தான் தெருக் குழந்தைகளுக்காக 'சலாம் பாலக்' அறக்கட்டளை பிறந்தது என்பதையும் நியாயமாகச் சொல்ல வேண்டும்.

மாமிக்கு நான் 'வேண்டாம்' என்றும் சொல்லவில்லை, 'சரி' என்றும் சொல்லவில்லை. ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடுமுன் எதைக் கேட்க வேண்டும் என்று மட்டும் சொன்னேன். குழந்தைத் தொழிலாளர் சட்டத்தை 2016-ல் திருத்தி, 2017-ல் விதிகள் கொண்டு வந்திருக்கிறார்கள். குழந்தையை ஒரு நாளைக்கு 5 மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது. ஓய்வில்லாமல் 3 மணிக்கு மேல் கூடாது. தொடர்ந்து 27 நாளுக்கு மேல் கூடாது. மாவட்ட மாஜிஸ்டிரேட்டின் அனுமதி வேண்டும். பள்ளிப் படிப்பு தடைப்படக் கூடாது. வருமானத்தில் குறைந்தது 20 சதவிகிதம் தேசிய வங்கி ஒன்றில் குழந்தையின் பெயரில் நிரந்தர வைப்பாகப் போட வேண்டும். தயாரிப்பாளர் இதையெல்லாம் தாமாக எடுத்துச் சொல்வார் என்று காத்திருக்காதீர்கள். மூன்று வருஷ ஒப்பந்தம் என்றால், மூன்று வருஷமும் பள்ளி வருகை எப்படி என்பதை எழுத்தில் வாங்குங்கள்.

குழந்தையின் விருப்பமும் சம்மதமும் இல்லாமல் அதை நடிக்க வைக்கக் கூடாது என்றும் அதே விதிகளில் இருக்கிறது. இதை எந்த அதிகாரியும் வந்து சோதிக்க முடியாது. வீட்டில் இருப்பவர்கள்தான் குழந்தையிடம் கேட்க வேண்டும். ஒரு தரம் கேட்டால் போதாது, மாதத்துக்கு ஒரு தரமாவது கேட்க வேண்டும். போதும் என்று அது சொன்னால் நிறுத்தத் துணிவும் வேண்டும்.

விதிகளின் நகல் இருபது பிரதி எடுத்து வந்திருக்கிறேன். மேஜை மேல் இருக்கிறது, வேண்டியவர்கள் எடுத்துக்கொள்ளலாம். வெளியூர் அங்கத்தினர்கள் அவரவர் கிளைச் செயலாளரிடம் கேட்டால் அனுப்பி வைக்கிறேன். கேள்வி இருந்தால் கேளுங்கள். நமஸ்காரம்.