விலங்கை அகற்றிய தோல் தொழிலாளி

(சங்கத்தின் வெள்ளி விழாக் கல்வி அரங்கில் ஆற்றிய உரை)



மனநோய் என்பது வைத்தியர் பேசவேண்டிய பொருளாயிற்றே, கல்விச் சங்க விழாவில் தலைமையாசிரியர் ஒருவர் இதைப் பேசுவானேன் என்று அவையோர் சிலர் எண்ணக்கூடும். மருந்தைப் பற்றி நாம் பேசப் போவதில்லை. அதற்குரிய தகுதியும் நமக்கில்லை. நோயுற்றோரைச் சமுதாயம் எங்கே வைத்தது, அவர்களுக்குக் கஞ்சி வார்த்தவர் யார், விலங்கு பூட்டியவர் யார், அதனை அகற்றியவர் யார் என்னும் வரலாற்றையே பேச விழைகிறோம். அந்த வரலாற்றில் நம்மனோர்க்கும் ஒரு பங்கு உண்டு என்பதைப் போகப்போகக் காண்போம்.

நீண்ட நாள் ஆசிரியப் பணியில் நாம் கேட்டுச் சலித்த ஏச்சு ஒன்று உண்டு. ஒரு மாணவன் சற்றே தனித்திருந்தால், தனக்குத்தானே பேசிக்கொண்டால், "இவன் கீழ்ப்பாக்கத்துக்குப் போகவேண்டியவன்" என்பார்கள். சென்னையில் ஒரு பகுதியின் பெயரே வசைச்சொல் ஆகிவிட்டது. பிறந்த குலத்தின் பெயர் வசைச்சொல்லாக வழங்கப்படும் கொடுமையைத் தலைமுறை தலைமுறையாக அனுபவித்த நம் பிள்ளைகளும் அந்த ஏச்சைக் கூசாமல் சொல்வதுதான் நமக்கு வருத்தம் தருகிறது.

விலங்கு என்னும் சொல்லுக்குத் தமிழில் இரு பொருள் உண்டென்று ஆறாம் வகுப்பு மாணவனும் அறிவான். மிருகமும் விலங்கு, காலிற் பூட்டும் தளையும் விலங்கு. மனநோயாளியைப் பொறுத்தவரை இவ்விரு பொருளும் நெடுங்காலம் ஒன்றாகவே இருந்தன. மிருகம் என்று கருதியதால் தளை பூட்டினர். தளை பூண்டு கிடந்தவன் மிருகம்போல் ஆனான். இத்தளையின் கதையைப் பாரிஸ் நகரிலிருந்து தொடங்குவோம். அதனை அவிழ்த்தவர் யார் என்ற கேள்விக்கு அங்கேதான் தவறான விடை ஒன்று நெடுங்காலம் எழுதப்பட்டு வந்தது.

1656ஆம் ஆண்டில் பிரான்சு மன்னர் பதினான்காம் லூயி ஓர் ஆணை பிறப்பித்தார். பாரிஸ் நகரத்துப் பிச்சைக்காரர்களையும் திக்கற்றோரையும் அடைத்துவைக்கப் பொது இல்லம் என்றோர் அமைப்பு அதன்படி ஏற்பட்டது. ஆடவர்க்குப் பிசேத்தர், பெண்டிர்க்குச் சால்பெத்ரியேர் என இரு பெரும் கட்டடங்கள். பெயர் மருத்துவமனை, உள்ளே இருந்தோரோ முதியோர், ஊனமுற்றோர், குற்றவாளிகள், மேகநோய் கண்டவர், வேலையற்றோர், இவர்களோடு சித்தம் கலங்கியோர். இவர்கள் அனைவரையும் ஒன்றாகச் சேர்த்த பொதுத்தன்மை ஒன்றே ஒன்று. எல்லாரும் ஏழைகள். பணம் படைத்தோர் வீட்டில் ஒருவர்க்குச் சித்தம் கலங்கினால், மாதக் கட்டணம் பெற்றுக்கொண்டு தனியார் விடுதிகளில் வைத்துப் பார்த்துக்கொண்டனர்.

பிசேத்தரில் சித்தம் கலங்கியோருக்குக் கொட்டடியும் வைக்கோலும் சங்கிலியும் கிடைத்தன. காவலர்கள் கொடியவர்களாதலால் சங்கிலியிட்டனர் என்று எளிதில் சொல்லிவிடலாம். உண்மை அதனினும் சாதாரணமானது. பத்து நோயாளிகளைக் கவனிக்க இரண்டு ஆட்கள் வேண்டும்; ஆளுக்குக் கூலி வேண்டும். சங்கிலிக்குக் கூலி வேண்டாம். சங்கிலி என்பது ஆளுக்குப் பதிலாக வைத்த மலிவான பொருள். இதை மனத்தில் இருத்திக்கொள்ள வேண்டுகிறோம்.

இந்த இல்லத்திற்கு 1771இல் ஒரு நோயாளி வந்து சேர்ந்தார். பெயர் ஜான் பாப்டிஸ்ட் புசேன். மனநோய் அன்று, கண்டமாலை என்று நம் நாட்டு வைத்தியர் கூறும் கழுத்துக் கழலை நோய். பிரான்சின் கிழக்குப் பகுதியில் 1745இல் பிறந்த அவருக்குத் தொழில் தோல் பதனிடுதல். அத்தொழிலின் நாற்றமும், அதைச் செய்வோரை ஊரின் ஓரத்திலேயே வைக்கும் வழக்கமும் ஐரோப்பாவிலும் இருந்தன. ஆம்பூர், வாணியம்பாடி, இராணிப்பேட்டைப் பக்கத்திலிருந்து வந்திருக்கும் அன்பர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை.

நோய் நீங்கிய பின் புசேன் ஊர் திரும்பவில்லை. அங்கேயே ஊழியரானார். படிப்படியாக உயர்ந்து, 1780களின் நடுவில், ஏறத்தாழ 200 மனநோயாளிகள் இருந்த பகுதிக்குக் கண்காணிப்பாளராக அமர்ந்தார். அவர் மனைவி மார்கரீத்தும் உடனிருந்து உழைத்தார். மருத்துவப் பட்டம் இருவருக்கும் இல்லை. அவர்களிடம் இருந்ததெல்லாம் இரவும் பகலும் நோயாளிகளின் நடுவிலேயே வாழ்ந்து பெற்ற அறிவு.

புசேன் செய்தவை வியப்புக்குரியவை. நோயாளி அடித்தாலும் ஊழியர் திருப்பி அடிக்கலாகாது என விதித்தார். கேளாதவர்களை வேலையினின்றும் நீக்கினார். அவ்விடங்களுக்கு, நோய் தெளிந்தவர்களையும் தெளிந்து வருபவர்களையும் ஊழியராக நியமித்தார். தாம் துன்புற்றவன் பிறனைத் துன்புறுத்தக் கூசுவான் என்பது அவர் கண்ட உண்மை. தாமே அவ்வில்லத்தில் நோயாளியாகக் கிடந்தவரன்றோ! மார்கரீத் அம்மையாரைப் பற்றியும் ஒரு செய்தி உண்டு. உண்ண மறுத்துப் பட்டினி கிடந்த முரட்டு நோயாளி ஒருவன் முன் அவர் துள்ளிக் குதித்து, வேடிக்கை பேசி, அவனைச் சிரிக்க வைத்து, அந்தச் சிரிப்பினூடே உணவை ஊட்டி உயிரைக் காத்தாராம். சோறுண்ண மறுக்கும் குழந்தைக்கு நம் தாய்மார் செய்வதும் இதுதானே.

1793இல், பிரெஞ்சுப் புரட்சியின் உச்சத்தில், பிலிப் பினேல் என்னும் மருத்துவர் பிசேத்தருக்கு நியமிக்கப்பட்டார். கற்றறிந்தவர். வந்தவுடன் ஆணையிடத் தொடங்காமல், புசேனின் அருகிருந்து பார்த்தார், கேட்டார், குறித்துக்கொண்டார். பட்டம் பெற்ற மருத்துவர் தோல் தொழிலாளியிடம் மாணவராக இருந்தார் எனலாம். பினேலின் பெருமையாக நாம் கருதுவது இதனையே.

அவர் எழுதிவைத்த ஒரு நிகழ்ச்சியைச் சொல்லாமல் விட மனமில்லை. மன்னருக்கு மரண தண்டனை விதித்தபோது தையற்காரர் ஒருவர் அதைப் பற்றி ஏதோ கருத்துச் சொல்லிவிட்டார். அக்கம்பக்கத்தார் ஐயுற்றனர். தம் தலையும் வெட்டுப்பொறிக்குப் போகும் என்ற அச்சம் அவரைப் பற்றிக்கொண்டது, உறக்கமும் உணவும் போயின, பிசேத்தருக்குக் கொண்டுவந்தனர். அங்குள்ளோரின் கிழிந்த உடைகளைத் தைக்கும் வேலையைச் சிறு கூலிக்கு அவரிடம் கொடுத்தார் பினேல். கையில் ஊசி ஏறியதும் மனிதர் தெளியத் தொடங்கினார். அந்த வேலை நின்றபோது அச்சம் மீண்டும் வந்தது. பின்னர், மருத்துவர் சிலர் நீதிபதிகள்போல் உடுத்துப் பொய்யாக ஒரு விசாரணை நடத்தி அவரைக் குற்றமற்றவர் எனத் தீர்ப்பளித்தனர்; நோய் தணிந்தது. அது வெறும் நாடகம் என்று எவரோ அவரிடம் சொல்லிவிட, மீண்டும் கலங்கினார். பொய்யால் கட்டிய நலம் பொய் வெளிப்பட்டதும் சரிந்தது. தையல் வேலை தந்த நலத்தில் பொய் ஏதும் இருக்கவில்லை. கூலியோடு கூடிய கௌரவமான வேலை ஒரு மருந்து என்பதை வேலையின்மையால் வாடும் நம் இளைஞர் நன்குணர்வர்.

1795இல் பினேல் பெண்களுக்கான சால்பெத்ரியேருக்கு மாற்றப்பட்டார். புசேன் பிசேத்தரிலேயே இருந்தார். 1797இல், பினேல் அங்கில்லாத வேளையில், தம் பொறுப்பிலிருந்த நோயாளிகளின் இரும்புச் சங்கிலிகளை அகற்றியவர் புசேன்தான். கட்டுப்பாடே இல்லாமற் செய்தார் என்பதன்று. வெறி மிகுந்தோர்க்குக் கைகளை மடக்கிக் கட்டும் தடித்த துணிச்சட்டையைப் பயன்படுத்தினார். இன்றைய அளவுகோலில் அதுவும் குறைதான். ஆயினும் அச்சட்டை பூண்டவர் எழுந்து நடமாடலாம். சங்கிலியில் கிடந்தவனோ கிடந்த இடத்திலேயே கிடக்கவேண்டும். பின்னர் 1802இல் பினேல் புசேனைத் தம்மிடமே வரவழைத்துக்கொண்டார். 1811இல் புசேன் காலமானார்.

இனி வரலாறு எழுதியோர் செய்ததைப் பாருங்கள். சங்கிலியை உடைத்த மகான் பினேல் என்றே கதை வளர்ந்தது. பினேலின் மகனும் மாணவரும் அதை வளர்த்தனர். சார்ல் முல்லர் என்னும் ஓவியர் 1849இல் பிசேத்தர் காட்சியைத் தீட்டினார். தோனி ரொபேர் பிளெரி 1876இல் சால்பெத்ரியேர் காட்சியைத் தீட்டினார். இரண்டிலும் நடுநாயகமாக நிற்பவர் மருத்துவப் பெருமகன் பினேல். உலகெங்கும் மருத்துவ நூல்களில் அப்படங்கள் அச்சாயின. பினேல் தாம் 1801இல் வெளியிட்ட நூலில் புசேனுக்குரிய பெருமையை மறைக்கவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும்; மறைத்தது பின்வந்தோர் வேலை. புசேன் தம் அனுபவத்தைத் தாமே எழுதிவைத்த குறிப்பு ஒன்று பழைய ஆவணங்களிடையே கிடந்தது. அமெரிக்க வரலாற்றாசிரியை டோரா வைனர் அதனை 1979இல் வெளியிட்ட பின்னரே அறிஞருலகம் விழித்துக்கொண்டது. கட்டியவன் பெயர் கல்வெட்டில் இல்லாமை நமக்குப் புதிதன்று. ஆனால் புசேனுக்கு எழுதத் தெரிந்திருந்தது. அவர் எழுதியது தாளில் இருந்தது. 182 ஆண்டு கழித்தேனும் அது பேசிற்று. எழுத்தறிவு இச்சங்கத்தின் முதற்பணியாக இருப்பதற்கு இதைவிட வேறு காரணம் கூற நம்மால் இயலாது.

இதே காலத்தில் இங்கிலாந்தில் நடந்ததையும் சுருக்கமாகச் சொல்வோம். யார்க் நகரக் காப்பகத்தில் 1790இல் குவேக்கர் என்னும் சிறு சமயக் குழுவைச் சேர்ந்த ஒரு பெண் இறந்தார். அவரைக் காண வந்த குழுவினருக்கு அனுமதி மறுக்கப்பட்டிருந்தது. அவர்கள் புலம்பிக்கொண்டிராமல், தேயிலை வணிகர் வில்லியம் டியூக் என்பாரின் முயற்சியால் தங்களுக்கென ஓர் இல்லத்தை 1796இல் திறந்தனர். அங்கே சங்கிலி இல்லை, அடி இல்லை, தோட்ட வேலை உண்டு. பல்கலைக்கழகங்களுக்குள் நுழைய உரிமையற்ற ஒரு சிறு குழு, தம்முள் ஒருத்திக்கு நேர்ந்ததைக் கண்டு தாமே திரட்டிய பணத்தில் செய்த செயல் அது. இலண்டன் பெட்லம் மருத்துவமனையிலோ ஜேம்ஸ் நாரிஸ் என்பவர் பத்தாண்டுகளுக்கு மேலாக இரும்பில் பிணிக்கப்பட்டுக் கிடந்தது 1814இல்தான் வெளிச்சத்துக்கு வந்தது.

சங்கிலிக்குப் பின் சுவர் வந்தது. பிரான்சில் 1838ஆம் ஆண்டுச் சட்டம் ஒவ்வொரு மாவட்டத்திலும் மனநோயாளிகளுக்கு ஏற்பாடு வேண்டும் என்றது. ஐரோப்பா எங்கும் மாளிகை போன்ற காப்பகங்கள் எழும்பி, நிரம்பி, நெரிந்தன. 1952இல் அதே பாரிஸில் குளோர்புரோமசின் என்னும் மருந்தின் பயன் கண்டறியப்பட்ட பிறகே நோயாளிகள் பலர் வீட்டிலிருந்து மருந்துண்டு வாழ வழி பிறந்தது.

நம் பக்கம் வருவோம். சென்னையில் 1794இல் வாலன்டைன் கனொலி என்னும் கும்பினி மருத்துவர் முதல் காப்பகத்தை நடத்தினார். கீழ்ப்பாக்கத்தில் அரசுக் காப்பகம் 1871இல் திறக்கப்பட்டது. 1922இல் அது மனநோய் மருத்துவமனை என்றும், 1978இல் மனநலக் கழகம் என்றும் பெயர் மாறியது. அதன் கண்காணிப்பாளராகப் பல்லாண்டு பணியாற்றிய டாக்டர் சாரதா மேனன், இந்தியாவின் முதல் பெண் மனநல மருத்துவர் எனப் போற்றப்படுபவர். 2021இல் மறைந்த அவ்வம்மையாரின் பெயரை மாணவர் ஏச்சுக்கு மாற்றாக நினைவிற் கொள்ளலாம்.

ஆனால் ஆண்டு 2001, ஆகஸ்டு 6. இராமநாதபுரம் மாவட்டம் ஏர்வாடியில் தனியார் காப்பகம் ஒன்றில் விடியுமுன் தீப்பிடித்தது. சங்கிலியில் பிணிக்கப்பட்டிருந்தோர் ஓட வழியின்றி 28 பேர் மாண்டனர். புசேன் சங்கிலி அகற்றி 204 ஆண்டு கழித்து நடந்தது இது. அவர்களை அங்கே விட்டுவந்த குடும்பத்தாரைப் பலர் தூற்றினர். நாம் தூற்ற மாட்டோம். கணவனும் மனைவியும் விடியற்காலையில் கூலிக்குப் போனால்தான் அடுப்பெரியும் வீட்டில், சித்தம் கலங்கிய மகனைப் பகலெல்லாம் பார்த்துக்கொள்பவர் யார்? கிணற்றில் விழுவானோ, இரயில்பாதைக்குப் போவானோ என்று அஞ்சிய தாய் திண்ணைத் தூணில் கட்டிவிட்டுக் களையெடுக்கப் போகிறாள். பிசேத்தரில் நடந்த அதே கணக்குத்தான். ஆளுக்குப் பதில் சங்கிலி. அந்த வீட்டுக்குத் தேவை வசவு அன்று. ஓர் ஆள், ஒரு மருந்துச் சீட்டு, பேருந்துக் கட்டணம்.

2017ஆம் ஆண்டு மனநலப் பாதுகாப்புச் சட்டம் எவ்வகையிலும் சங்கிலியிடலாகாது என்கிறது. குடும்பம் ஏற்கவில்லை என்ற ஒரே காரணத்துக்காக எவரையும் காப்பகத்திலேயே வைத்திருக்கலாகாது என்றும் கூறுகிறது. மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 2016இன்படி மனநோயும் ஊனத்தின் வகைகளுள் ஒன்று. 40 விழுக்காடும் அதற்கு மேலும் எனச் சான்று பெற்றோர் அரசு உதவிகளுக்கு விண்ணப்பிக்கலாம். மாவட்டத் தலைமை அரசு மருத்துவமனையில் மனநலப் பிரிவு உண்டு. 14416 என்ற எண்ணில் தொலைபேசியிலேயே தமிழில் ஆலோசனை பெறலாம். இவற்றுள் எதுவும் நம் தெருக்களில் பலருக்குத் தெரியாது.

மருத்துவமனை வார்டுகளில் கூட்டிப் பெருக்கி, நோயாளியைக் குளிப்பாட்டி, எச்சில் துடைத்து நிற்பவருள் நம் உறவினர் எத்தனை பேர் என்பதை இங்கே கூடியிருப்போர் அறிவர். அவர்களைக் கேட்டுப் பாருங்கள். எந்த நோயாளி எப்போது கலங்குவார், எதைச் சொன்னால் தணிவார் என்று சொல்வார்கள். அவர்கள் வீட்டுப் பெண்ணும் பிள்ளையும் செவிலியர் பயிற்சிக்கும், மனநலச் சமூகப் பணிப் படிப்புக்கும் செல்ல வேண்டும். சங்கத்தின் கல்வி உதவித்தொகையில் ஆண்டுக்கு ஓரிடமேனும் இப்படிப்புக்கு ஒதுக்குமாறு நிர்வாகக் குழுவைக் கேட்டுக்கொள்கிறோம். சான்றிதழ் விண்ணப்பம் எழுதத் தெரியாதோர்க்கு இளைஞர் பிரிவினர் ஞாயிறுதோறும் காலையில் சங்கக் கட்டடத்தில் அமர்ந்து எழுதிக் கொடுக்கலாம்; முதல் ஞாயிறு நாமும் வந்து அமர்கிறோம்.