எல்லை வழக்கும் காலங்கடந்த பிராதுத் திருத்தமும்



நில எல்லை வழக்குகளைப் பற்றிச் சில சொற்கள் கூறுமாறு நிர்வாகக் குழுவினர் பணித்துள்ளனர். பாலவாக்கத்தில் வசிப்போர்க்கு இப்பொருள் புதிதன்று. 2011இல் சென்னை மாநகராட்சியுடன் இணைந்த ஊர் நம்முடையது. முன்னர் ஓரடி நிலத்தைப் பொருட்படுத்தாதவர்களும் இன்று அதற்காக நீதிமன்றம் செல்கின்றனர்.

அண்டை வீட்டார் மதிற்சுவரைத் தள்ளிக் கட்ட முற்படுகிறார். உடனே நாம் நிரந்தர உறுத்துக் கட்டளை கோரிப் பிராது தாக்கல் செய்கிறோம். வழக்கு நிலுவையில் இருக்கும்போதே சுவர் எழும்பிவிடுகிறது. பிராதோ, இடம் இன்னும் நம் அனுபவத்தில் இருப்பதாகவே சொல்லிக்கொண்டிருக்கும்! தடுக்கும் கட்டளையைக் கொண்டு, பறிபோன இடத்தை மீட்க இயலாது. உரிமை விளம்புகையும் சுவாதீன மீட்பும் கோர வேண்டும். அதற்குப் பிராதைத் திருத்த வேண்டும்.

உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 6, விதி 17 இதற்கு இடமளிக்கிறது. எனினும் 2002 ஜூலை முதல் நடைமுறைக்கு வந்த நிபந்தனை ஒன்றுண்டு. விசாரணை தொடங்கிய பின்னர் திருத்தம் கேட்பவர், உரிய கவனம் செலுத்தியும் முன்னரே கேட்க இயலவில்லை என்று நீதிமன்றத்தை நம்பச் செய்ய வேண்டும். "எனக்கு அப்போது தோன்றவில்லை" என்பது போதாது.

நம் மாநிலத்து வழக்கொன்றைக் கூறுகிறேன். சம்பத்குமார் எதிர் அய்யாக்கண்ணு என்பது அதன் பெயர். வாதி 1988இல் விவசாய நிலத்திற்கு உறுத்துக் கட்டளை மட்டும் கோரினார். 1989 ஜனவரியில் பிரதிவாதி நிலத்தைப் பறித்துக்கொண்டார் என்று கூறி, 1999இல்தான் விளம்புகையும் மீட்பும் சேர்க்க மனுச் செய்தார். விசாரணை நீதிமன்றம் மறுத்தது. சென்னை உயர் நீதிமன்றமும் ஏற்கவில்லை. 2002 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அனுமதித்தது. விசாரணை தொடங்கவில்லை, வழக்கின் அடிப்படையும் மாறவில்லை. வேறு வழக்குப் போடுமாறு அலைக்கழிப்பானேன் என்பது அதன் கருத்து.

இத்தீர்ப்பின் மற்றொரு பகுதியைப் பலர் கவனிப்பதில்லை. புதிய பரிகாரம் 1988இல் கோரப்பட்டதாகக் கொள்ளப்படாது. மனுச் செய்த நாளிலிருந்தே கணக்கு என்றது நீதிமன்றம். உரிமையின் அடிப்படையில் சுவாதீனம் மீட்கக் காலவரையறைச் சட்டம் 12 ஆண்டுகள் அளிக்கிறது. 1989க்கும் 1999க்கும் இடையே அவ்வளவு ஆகவில்லை. இன்னும் மூன்றாண்டு உறங்கியிருந்தால், எதிரியின் அனுபவம் உரிமையாகவே முதிர்ந்துவிட்டது என்ற வாதத்தைச் சந்திக்க நேர்ந்திருக்கும்.

வக்ஃபு நிலங்களுக்கும் இது இப்போது பொருந்துகிறது. 1995ஆம் ஆண்டுச் சட்டத்தின் 107ஆம் பிரிவு, வக்ஃபு அசையாச் சொத்தை மீட்கும் வழக்குகளுக்குக் காலவரையறை இல்லை என்றிருந்தது. 2025ஆம் ஆண்டுத் திருத்தம் அப்பிரிவை மாற்றி, காலவரையறைச் சட்டம் பொருந்தும் என்று ஆக்கிவிட்டது. அடக்கத்தலத்தின் சுற்றுச்சுவர் நகர்ந்திருப்பின், முத்தவல்லிகள் இன்றே அளந்து பார்ப்பது நலம்.

வழக்குப் போடுமுன் புலப்படத்தின் நகலை வாங்கி, பத்திரத்தின் நான்கெல்லையோடு ஒப்பிட்டு, ஆக்கிரமிக்கப்பட்ட பகுதியை நீள அகலத்துடன் பிராதின் சொத்து விவரத்தில் எழுதுக. ஆணையரின் அளவீடு வேறு அளவைக் காட்டினால் அவ்வாரமே வழக்கறிஞரைக் காண்க. திருத்த உத்தரவு கிடைத்தபின்னும் ஒரு வேலை உண்டு: நீதிமன்றம் நாள் குறிக்காவிடில், 14 நாட்களுக்குள் பிராதில் திருத்தத்தை எழுதிச் சேர்க்க வேண்டும். தவறினால், நீதிமன்றம் காலத்தை நீட்டித்தாலன்றி அதனைச் சேர்க்க இயலாது.