ஒன்பதாம் நாள் பூ
(பரிசளிப்பு விழாவில் ஆற்றிய உரை)

 

நம் நாட்டுக் காட்டுப்பூக்களைப் பற்றிச் சில வார்த்தைகள் பேசும்படி பணித்தார்கள். நீட்டமாட்டேன், பயப்படாதீர்கள்.

உங்கள் வீட்டு வாசலில் என்ன பூ என்று கேட்டால், செம்பருத்தி என்பீர்கள், காகிதப்பூ என்பீர்கள். செம்பருத்தி 1960-ஆம் ஆண்டில் நமது தேசிய மலராயிற்று. ஆனாலும் இவை இரண்டும் நம் பாட்டன்மாரைப் போலக் கடல் கடந்து வந்து இங்கே வேர்விட்டவை. இந்த மண்ணிலேயே பிறந்து, ஒருமுறை வேரூன்றினால் பல ஆண்டுகள் பூக்கும் செடிகளும் இருக்கின்றன. அவற்றைத்தான் நாம் களை என்று வெட்டிப் போடுகிறோம்.

கித்தாக் காட்டு ஓரத்தில் ஊதா நிறத்தில் பூத்து நிற்குமே, செண்டுடுக்! அதன் பழத்தைத் தின்றுவிட்டு நாக்கைக் கறுப்பாக்கிக்கொண்டு வந்து அம்மாவிடம் அடி வாங்காத தோட்டத்துப் பிள்ளை உண்டா? அதன் அறிவியல் பெயரான மெலஸ்டோமா என்பதற்கே கிரேக்க மொழியில் ‘கறுப்பு வாய்’ என்றுதான் பொருள். மோசமான மண்ணிலும் வளரும். ஆண்டு முழுவதும் பூக்கும். பத்து பெர்ரிங்கி மாதிரி கடற்கரை மணலில் படரும் அடும்பும் அப்படித்தான். ஆட்டுக் குளம்பு போன்ற இலை, ஊதாப் பூ. தமிழ்நாட்டு நெய்தல் நிலத்துக்கும் நம் கரைக்கும் பொதுவான கொடி அது. ஒரு துண்டை மணலில் புதைத்தால் போதும்.

ஆனால் நான் சொல்ல வந்தது வேறொரு பூ. புறா ஆர்க்கிட் என்பார்கள். மலாயில் அங்கெரிக் மெர்பாத்தி. ஜார்ஜ்டவுன் சாலையோரத்துத் தூங்குமூஞ்சி மரங்களை அண்ணாந்து பாருங்கள், கிளைகளில் கொத்துக் கொத்தாகத் தொங்கிக்கொண்டிருக்கும். சாதாரண நாளில் யாரும் கவனிப்பதில்லை. திடீரென்று ஒரு நாள் காலையில் ஊர் முழுக்க எல்லா மரத்திலும் வெள்ளைப் புறாக் கூட்டம் உட்கார்ந்தது போல் பூத்திருக்கும். வாசமோ வாசம்! இரவுக்குள் வாடிவிடும்.

எல்லாம் ஒரே நாளில் எப்படிப் பூக்கின்றன? இதன் மொட்டு ஓரளவு வளர்ந்து அப்படியே உறங்கிவிடும். நல்ல வெயிலுக்குப் பின் பெரிய மழை கொட்டி, வெப்பம் சட்டென்று ஏறக்குறைய 5 டிகிரி இறங்கினால் விழித்துக்கொள்ளும். அன்றிலிருந்து ஒன்பதாம் நாள் மலரும். செடி நனைய வேண்டுமென்பதில்லை. காற்று குளிர்ந்தால் போதும். ஒரு செடியின் மகரந்தம் இன்னொரு செடிக்குப் போய்ச் சேர்ந்தால்தான் காய் பிடிக்கும். ஆகவே தேனீ வரும் அந்த ஒரே நாளில் எல்லாம் சேர்ந்து பூக்கின்றன. பன்னிரண்டு ஆண்டுக்கொரு முறை பூக்கும் நீலகிரிக் குறிஞ்சியைப் பற்றிப் பெருமையாகப் பேசுகிறோம். 2018-இல் பூத்தது, இனி 2030-இல்தான். அதைப் பார்க்க டிக்கெட் வாங்க வேண்டும். இதற்கு அண்ணாந்து பார்த்தால் போதும்!

பெரியவர்களுக்கு ஒரு வேண்டுகோள். இதைப் புல்லுருவி என்று நினைத்துச் சுரண்டி எறிந்துவிடாதீர்கள். புல்லுருவி கிளைக்குள்ளேயே வேரை இறக்கி மரத்தின் சாற்றை உறிஞ்சும். இதன் வெள்ளை வேர் பட்டையின் மேலேயே ஓடும். மரத்தைப் பிடித்துக்கொள்ளுமே தவிர, தின்னாது.

தோட்டங்கள் விற்கப்பட்டு, லயத்தை விட்டு அடுக்குமாடி வீட்டுக்குக் குடிபோன குடும்பங்கள் இங்கே பல இருக்கின்றன. வெற்றிலைக் கொடி, முருங்கை எல்லாவற்றையும் விட்டுவிட்டு வந்தவர்கள். “மண் ஏது சார், செடி வைக்க?” என்று கேட்கிறார்கள். இந்தப் பூவுக்கு மண்ணே வேண்டாம் ஐயா! மண்ணில் நட்டால் அழுகிவிடும்.

மரம் வெட்டும்போது கீழே விழும் கிளையில் இருப்பதைக் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். காட்டில் நிற்பதைப் பிடுங்கக் கூடாது. கொடிமலையில் சப்பாத்து ஆர்க்கிட்டுக்கு ஆபத்து வந்ததே அப்படிப் பிடுங்கித்தான். தண்டின் நுனியில் குட்டிச் செடி முளைத்திருந்தால் அதுவே போதும். தேங்காய் மட்டையிலோ பலகையிலோ வைத்துக் கயிற்றால் ஆடாமல் கட்டுங்கள். ஆடினால் வேர் பிடிக்காது. சட்டி என்றால் அடுப்புக்கரியை மட்டும் போடுங்கள். காலை வெயில் படட்டும். வேர் பிடிக்கும்வரை தினமும் தண்ணீர் தெளியுங்கள். ஜனவரி, பிப்ரவரி வறட்சியில் மறந்துவிடாதீர்கள். சில மாதங்களில் வேர் பிடித்ததும் கயிற்றை அவிழ்த்துவிடலாம்.

மாணவர்களே, உங்களுக்கு ஒரு வேலை. அடுத்த பெருமழை பெய்யும் நாளை வகுப்பு நாட்காட்டியில் வட்டமிட்டு, ஒன்பது நாள் எண்ணுங்கள். அன்று பள்ளிக்கு வரும் வழியிலேயே மரத்தைப் பார்த்துவிட வேண்டும். மறுநாள் வந்து தேடினால் வாடிய பூதான் கிடைக்கும்.