தகர டின்னும் ஒரு பாடம்தான்

(பன்வில பகுதித் தோட்டமொன்றில் நடந்த பெற்றோர் கூட்டத்தில் நலன்புரி உத்தியோகத்தர் ஆற்றிய உரை)



கொழுந்து நிறுத்துப் போட்டுவிட்டு, களைப்போடு வந்திருக்கிறீங்க. அதனாலே அதிக நேரம் எடுக்க மாட்டோம். பிள்ளைகளின் விளையாட்டைப் பற்றித்தான் பேசப் போகிறோம்.

போன மழைக்காலத்தில் நாங்கள் லயத்துப் பக்கம் போனபோது, ஒரு பையன் வாசலிலே மீன் டின், பிய்ந்த செருப்பு, சைக்கிள் கம்பி எல்லாம் பரப்பி வைத்திருந்தான். "புத்தகத்தைத் தொடாமல் குப்பையைக் கட்டிக்கிட்டு அழுறியா?" என்று ஏசிவிட்டோம். அவன் பதில் பேசாமல் டின்னைத் தள்ளிக் காட்டினான். பார்த்தால், நம்ம ஸ்டோரிலே கொழுந்து அரைக்கிற ரோதை!

முதலில் ஒரு கிராங்குதான் வைத்தானாம். டின் கண்டபடி திரும்பியதாம். பிறகு ஸ்டோர் ஜன்னலில் எட்டிப் பார்த்து, மூன்று கிராங்கு இருப்பதை எண்ணி வந்திருக்கிறான். மூன்றும் ஒரே அளவாக இருக்கணும், ஒன்று நீண்டாலும் இறுகி நின்றுவிடும் என்பதை அவனே கண்டுபிடித்தான். எங்களுக்கு வெட்கமாகப் போய்விட்டது. இத்தனை வருஷம் ஸ்டோருக்குப் போய்வந்தும் நாங்கள் அதைக் கவனித்ததில்லை.

இது புதிய விஷயமில்லை. இங்கிலாந்தில் லிவர்பூல் நகரத்தில் பிராங்க் ஹோர்ன்பி என்று ஒரு கணக்குப்பிள்ளை இருந்தார். பொறியியல் படித்தவரல்ல. தன் பிள்ளைகளுக்காகத் தகரத்தை வெட்டி, சம இடைவெளியில் துளை போட்டு, ஆணியும் சுரையும் முடுக்கி, பாரந்தூக்கி செய்து கொடுத்தார். 1901இல் அதற்குக் காப்புரிமை வாங்கினார். அதுதான் பிறகு 'மெக்கானோ' என்று உலகமெல்லாம் விற்றது. 1934இல் மான்செஸ்டர் பல்கலைக்கழகத்தில் கடினமான கணக்குப் போடும் ஒரு இயந்திரத்தையே அந்த மெக்கானோத் துண்டுகளால் கட்டினார்கள்.

"அதை வாங்க நம்மகிட்ட காசு ஏது?" என்று கேட்பீங்க. நியாயம்தான். இந்தியாவில் அரவிந்த் குப்தா என்பவர் கான்பூர் ஐ.ஐ.டி.யில் படித்த பொறியியலாளர். 1978இல் மத்தியப் பிரதேசத்து ஹோசங்காபாத் பகுதிக் கிராமப் பள்ளிக்கூடங்களில் வேலை செய்யப் போனார். அங்கே தீக்குச்சியையும் சைக்கிள் வால்வு டியூப்பையும் வைத்தே பிள்ளைகளுக்குப் பாடம் காட்டினார்.

நீங்களும் இன்றைக்கே செய்து பார்க்கலாம். தீக்குச்சியின் மருந்தைச் சுரண்டி எடுத்துவிடுங்க. டியூப்பைச் சின்னத் துண்டாக வெட்டி, இரண்டு குச்சிகளை இணையுங்க. நான்கு குச்சியில் சதுரம் கட்டினால், விரலால் தள்ளியதும் சாய்ந்துவிடும். மூன்று குச்சியில் முக்கோணம் கட்டினால் அசையாது. அந்தச் சதுரத்துக்கும் குறுக்கே அளவான ஒரு குச்சி கொடுத்தால் அதுவும் நின்றுவிடும். ஸ்டோர் கூரையிலும் கரண்டுக் கோபுரத்திலும் ஏன் அத்தனை முக்கோணம் என்று பிள்ளைக்கு அப்போது புரியும். அப்படிப் புரிந்தது மறக்காது.

ஏன் இதைச் சொல்கிறோம்? சாதாரண தரத்தில் கணிதம் தவறினதும் நம்ம பையன்கள் கொழும்புக் கடைகளுக்குப் போகிறார்கள். பெண்பிள்ளைகள் வீட்டு வேலைக்குப் போகிறார்கள். கையாலே செய்து பார்த்த பிள்ளைக்குக் கணக்கிலே பயம் குறையும். உயர்தரத்தில் 2013 முதல் தொழில்நுட்பப் பிரிவு இருக்கிறது. பொறியியல் பீடம் நம்ம கண்டி மாவட்டத்தில், பேராதனையிலேயே இருக்கிறது. தூரத்தில் இருப்பது கட்டடமில்லை, நம்ம தைரியம்தான்.

ஆகவே நாங்கள் கேட்பது மூன்று. பிள்ளை கட்டினதை அடுப்பிலே போடாதீங்க. பெண்பிள்ளைக்கும் ஆணியும் சுத்தியலும் கொடுங்க. முடிந்தால் ஒரு நாள் ஹந்தானைத் தேயிலை நூதனசாலைக்குக் கூட்டிப்போங்க. 1925இல் கட்டிய பழைய ஸ்டோர் அது. அந்தக் காலத்து இயந்திரங்களைக் கிட்டே நின்று பார்க்கலாம்.

ஸ்டோரிலே ரோதைமுனிக்குப் பூஜை வைக்கிற சனம் நாம். அந்த ரோதை எப்படி ஓடுகிறது என்று கேட்கிற பிள்ளையை இனி யாரும் ஏச வேண்டாம். நாங்களும் ஏச மாட்டோம்.