சிங்கள சினிமாவும் 'தூய்மை' என்ற சொல்லும்

(வெள்ளிமலைக் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)



சிங்களத்தின் முதல் பேசும் படம் மதுரையில் எடுக்கப்பட்டது. பேரு 'கடவுனு பொரொந்துவ', அதாவது உடைந்த வாக்குறுதி. தயாரித்தவர் எஸ்.எம். நாயகம் என்கிற தமிழர். இயக்கியவர் ஜோதிஷ் சின்ஹா என்கிற வங்காளி. கதாநாயகி ருக்மணி தேவிக்குப் பெத்தவங்க வச்ச பேரு டெய்சி ராசம்மா டேனியல்ஸ். கொழும்புச் செட்டிக் குடும்பத்துப் பொண்ணு. 1947 ஜனவரி 21இல் கொழும்பில் வெளியானது.

அப்புறம் பத்து வருஷம் சிங்களப் படம் என்றால் பெரும்பாலும் தென்னிந்திய ஸ்டூடியோ, தமிழ், இந்தி மெட்டு, அட்டையில் வரைந்த கிராமம். 1956இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் கேமராவைத் தூக்கிக்கிட்டு நிஜக் கிராமத்துக்கே போனார். அவர் எடுத்த 'ரேகாவ' மறு வருஷம் கான் விழாவில் போட்டியிட்டது. பீரிசை நான் குத்தம் சொல்லல. மலை மக்கள்னா இறகும் இலையும் கட்டி ஆடவிட்ட தமிழ் சினிமாவைப் பார்த்தவங்க நாம. கல்வராயன் மலையில் உட்கார்ந்திருக்கிற உங்களுக்கு அவருடைய எரிச்சலை விளக்க வேண்டியதில்லை.

ஆனால் அட்டைக் கிராமம் போலின்னு சொல்றது வேற, தமிழன் கை பட்டதால போலின்னு சொல்றது வேற. ரெண்டையும் ஒண்ணாக் குழைச்சுத்தான் தூய சிங்கள சினிமா என்கிற பேச்சு வளர்ந்தது. சிங்களம் மட்டும் சட்டம் வந்ததும் அதே 1956தான். தூய்மைன்னு எவன் வாயைத் திறந்தாலும் சேரிக்காரன் காது நிமிரும். அந்தச் சொல்லுக்குப் பின்னால் தீட்டு நிக்கிறது நமக்குத் தெரியும். இத்தனைக்கும் பீரிசின் 'சந்தேசய' (1960) படத்துக்குப் பணம் போட்டவர் கே. குணரத்தினம் என்கிற தமிழர்.

படக்கதைப் பக்கம் இந்தத் தொந்தரவு குறைவு. மட்டமான தாள், சல்லிசான விலை. காவல் காக்க எந்த அறிஞனும் வரல. 1972இல் கொழும்பில் 'சதுட' இதழ். அதே வருஷம் சிவகாசியில் முத்து காமிக்ஸ். நம்ம ஆளுங்க இரும்புக்கை மாயாவின்னு வெள்ளைக்காரன் கதையைத் தமிழாக்கினாங்க. அங்கே கமிலஸ் பெரேரா கஜமன்னு ஒரு உள்ளூர் ஆளையே வரைஞ்சார். அந்தக் கஜமன் 2023இல் முப்பரிமாண அனிமேஷன் படமாவே வந்துட்டான். எனக்கு அதில் பொறாமைதான்.

குணரத்தினத்துக்கு வருவோம். ஹெந்தலையில் இருந்த அவருடைய விஜயா ஸ்டூடியோவை 1983 ஜூலையில் கொளுத்தினார்கள். சிங்களப் படங்களை இயக்கிய கே. வெங்கட்டும் அதே ஜூலையில் கொல்லப்பட்டார். எந்த மொழிக்கு உழைச்சேன்னு கும்பல் அவரைக் கேட்கல. ஸ்டூடியோவோடு எரிந்த நெகட்டிவ்களும் சிங்களப் படங்களுடையவைதான்.